கண்மாய் மண் ஏற்றிய டிராக்டரை மீட்க ஆன 73 நாள்

2025 மே 14 ராத்திரி பத்தேகால் மணி இருக்கும். டிராக்டர் ஓட்டும் தம்பியிடமிருந்து போன் வந்தது. "அண்ணே, வண்டிய மறிச்சுட்டாங்க. நடைச்சீட்டு கேக்குறாங்க." பின்னால் யாரோ அதட்டும் சத்தம். அத்தோடு போன் கட்டாகிவிட்டது. நடைச்சீட்டு என்பது மண், மணல் ஏற்றிப்போகும் வண்டியில் இருக்க வேண்டிய அனுமதிச் சீட்டு. நான் பைக்கை எடுத்துக்கொண்டு அந்த முக்கு ரோட்டுக்குப் போய்ச் சேர்ந்தபோது வண்டி அங்கே இல்லை. டயர் தடமும், டிரெய்லரிலிருந்து சிந்திய கொஞ்சம் மண்ணும்தான் கிடந்தன. வண்டி ஸ்டேஷனுக்குப் போயிருந்தது. அது திரும்ப என் வீட்டு வாசலுக்கு வந்தது ஜூலை 26 அன்று.

நடுவே நான் தட்டிய கதவுகளில் பாதி தப்பான கதவுகள். எது சரியான கதவு என்று முதல் நாளே யாராவது சொல்லியிருந்தால் குறைந்தது முப்பது நாள் மிச்சமாகியிருக்கும். சிவகங்கைப் பக்கம் மண் அடிக்கும் டிராக்டர் வைத்திருப்பவர்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள். அவர்களில் ஒருவருக்காவது அந்த நாட்கள் மிச்சமாகட்டும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

முதலில் தப்பு எங்கே நடந்தது என்பதைச் சொல்லிவிடுகிறேன். எங்களிடம் அனுமதி இருந்தது. கண்மாயில் வண்டல் எடுக்க விவசாயிகளுக்குக் கட்டணம் கிடையாது. 2024 முதல் தாசில்தார் அளவிலேயே அனுமதி கொடுக்கிறார்கள். நன்செய்க்கு ஏக்கருக்கு 75 கனமீட்டர், புன்செய்க்கு 90 கனமீட்டர். டிராக்டர் கணக்கில் 25 லோடு, 30 லோடு. என் அக்காவின் இரண்டு ஏக்கர் புன்செய்க்கு 60 லோடு எடுக்க முறையாக எழுதிக்கொடுத்து வாங்கியிருந்தோம். எந்தக் கண்மாய், எந்த சர்வே எண் நிலம், எந்த வண்டி, எந்தத் தேதி வரை என்று எல்லாமே அதில் இருந்தது.

அன்றைக்குச் சாயங்காலம் பக்கத்து ஊர்க்காரர் ஒருவர், வீட்டுத் தளம் நிரப்ப ஒரு லோடு வேண்டும் என்று டிரைவர் தம்பியிடம் கேட்டிருக்கிறார். கையில் காசும் கொடுத்திருக்கிறார். இவன் என்னிடம் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் நான் "சரி, ஒரு லோடுதானே" என்று சொல்லியிருப்பேன் என்பதையும் மறைக்கக் கூடாது. கண்மாயும் அதேதான், மண்ணும் அதேதான். போகிற இடம் மட்டும் வேறு. அந்த ஒரு மாற்றம்தான் எல்லாவற்றையும் மாற்றியது.

இது பலருக்குத் தெரிவதில்லை. வீட்டு அடிமானம், ரோடு, கரை ஆகியவற்றை நிரப்பப் பயன்படுத்தும் சாதாரண மண்ணையும் மத்திய அரசு 2000 பிப்ரவரியிலேயே சிறுகனிமம் என்று அறிவித்துவிட்டது. வயலுக்குப் போனால் அது அனுமதி பெற்ற வண்டல். வீட்டுத் தளத்துக்குப் போனால் நடைச்சீட்டு இல்லாத கனிமம். வண்டியின் டூல் பாக்ஸில் அனுமதி நகல் இருந்தது, அதைக் காட்டியும் இருக்கிறான். அதில் இருந்த ஊர் ஒன்று, வண்டி நின்ற ஊர் இன்னொன்று. நேரமும் ராத்திரி.

மறுநாள் காலையில் எஃப்ஐஆர் பதிவாகிவிட்டது. பாரதிய நியாய சன்ஹிதா 303(2), அதாவது திருட்டு. கூடவே 1957-ம் ஆண்டு சுரங்கங்கள் மற்றும் கனிமங்கள் சட்டத்தின் 21(1). அந்தப் பிரிவுக்கு ஐந்து வருடம் வரை சிறை, ஹெக்டேருக்கு ஐந்து லட்சம் வரை அபராதம் என்று இருக்கிறது. டிரைவர் முதல் எதிரி, வண்டி உரிமையாளர் என்று நான் இரண்டாவது எதிரி. அவனை அன்றே ரிமாண்ட் செய்தார்கள். ஒன்பது நாள் உள்ளே இருந்தான். அவன் அம்மா என் வீட்டு வாசலில் வந்து உட்கார்ந்த அந்தக் காலையை நான் மறக்க மாட்டேன். வண்டியைப் பற்றி யோசிக்கும் முன் ஆளைப் பற்றி யோசியுங்கள். ஜாமீன் மனு, உரிமையாளர் பெயர் எஃப்ஐஆரில் இருந்தால் முன்ஜாமீன், இரண்டும் முதல் வேலை. நான் முன்ஜாமீன் வாங்கும் வரை ஸ்டேஷன் பக்கமே போக முடியவில்லை. அதனால் வண்டி எந்த நிலையில் நிற்கிறது என்று பார்க்க ஆளில்லாமல் போனது.

அந்த முதல் வாரத்தில்தான் பெரிய தவறுகளைச் செய்தேன். "எஃப்ஐஆரில் மண் அளவைக் குறைச்சு, வண்டிய அபராதத்தோட விடச் சொல்றேன்" என்று சொல்லிக்கொண்டு ஒருவர் வந்தார். பதினைந்தாயிரம் கொடுத்தேன். எஃப்ஐஆர் பதிவாகி கோர்ட்டுக்குப் போன பிறகு அதில் ஓர் எழுத்தைக்கூட யாரும் மாற்ற முடியாது என்று அப்போது எனக்குத் தெரியாது. ஆள் போனை எடுப்பதை நிறுத்திவிட்டார்.

அப்புறம் கோட்டாட்சியர், அதாவது ஆர்டிஓ அலுவலகம். எங்கள் ஊரில் எல்லோரும் சொல்வது, "ஆர்டிஓகிட்ட அபராதம் கட்டுனா வண்டிய விட்ருவாங்க" என்பதுதான். அது சில வண்டிகளுக்கு நடந்ததும் உண்மை. ஆனால் அந்த வண்டிகளைப் பிடித்தது யார் என்று யாரும் சொல்வதில்லை. தாசில்தாரோ கனிமவளத் துறையினரோ பிடித்து, வழக்குப் பதியாமல் அபராத நடவடிக்கையில் வைத்திருந்தால் அந்தப் பாதை இருக்கிறது. கனிமச் சட்டத்தின் 23ஏ பிரிவு, அதிகாரம் பெற்ற அலுவலர் பணம் வாங்கிக்கொண்டு குற்றத்தை இணக்கமாக முடிக்க வழி கொடுக்கிறது. போலீஸ் பிடித்துத் திருட்டு வழக்கும் போட்டுவிட்டால் கதை வேறு. ஜெயந்த் எதிர் மத்தியப் பிரதேச அரசு வழக்கில் 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது: 23ஏ-வில் பணம் கட்டினால் கனிமச் சட்ட வழக்கு முடியும், திருட்டு வழக்கு முடியாது. கோட்டாட்சியர் அலுவலகத்தில் இருந்த பெரியவர் ஒருவர் மூன்றாவது முறை போனபோதுதான் என்னை உட்கார வைத்துச் சொன்னார். "தம்பி, வண்டி எங்க கையில இல்ல. போலீஸ் கையிலயும் இல்ல. கோர்ட்டு கையில இருக்கு. அங்க போங்க."

அந்த ஒரு வார்த்தைக்கு நான் இன்றைக்கும் அவருக்குக் கடன்பட்டிருக்கிறேன். வண்டி ஸ்டேஷன் வளாகத்தில்தான் நிற்கும், சாவி ஸ்டேஷனில்தான் இருக்கும். ஆனால் கைப்பற்றிய பொருள் என்று கோர்ட்டுக்குத் தகவல் போன நிமிடத்திலிருந்து அதை விடும் அதிகாரம் இன்ஸ்பெக்டருக்கு இல்லை. அவர் மனசு வைத்தாலும் முடியாது. ஸ்டேஷனில் கெஞ்சி நின்ற நேரம் முழுக்க எனக்கு வீண்.

அதனால் வண்டி பிடிபட்டதும் மூன்று விஷயங்களைக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். யார் பிடித்தார்கள், எந்தப் பிரிவு, கைப்பற்றிய மகஜரும் படிவம் 95-ம் எந்தக் கோர்ட்டுக்குப் போயிருக்கிறது. மகஜர் என்பது என்னென்ன கைப்பற்றினார்கள் என்று எழுதும் பட்டியல். படிவம் 95 என்பது கைப்பற்றிய பொருளைக் கோர்ட்டுக்குத் தெரிவிக்கும் காகிதம். அது போகாமல் நீங்கள் மனுப் போட்டால், "சொத்து இன்னும் எங்களிடம் வரவில்லை" என்று மனு அப்படியே நிற்கும். எஃப்ஐஆரை யாரிடமும் போய்க் கேட்டு நிற்க வேண்டாம். தமிழ்நாடு காவல்துறை இணையதளத்தில் மாவட்டம், ஸ்டேஷன், எண் கொடுத்தால் இறங்கிவிடும்.

நான் முதலில் பிடித்த வக்கீல் நல்லவர்தான், ஆனால் கனிம வழக்கு அதிகம் பார்த்தவர் இல்லை. மாஜிஸ்ட்ரேட் கோர்ட்டில் மனுப் போட்டார். மாவட்ட நீதிமன்றத்துக்கு மே மாதம் கோடை விடுமுறை, மாஜிஸ்ட்ரேட் கோர்ட் நடக்கும், சீக்கிரம் முடியும் என்பது அவர் கணக்கு. எட்டு நாள் கழித்து மனு திரும்பி வந்தது. கனிமச் சட்டத்தின் 21(4ஏ) பிரிவின்படி கைப்பற்றிய வண்டியைப் பறிமுதல் செய்வதா, வேறென்ன செய்வது என்பதையெல்லாம் அந்தக் குற்றத்தை விசாரிக்கும் அதிகாரம் உள்ள கோர்ட்தான் முடிவு செய்ய வேண்டும். 2015 திருத்தத்தில் 30பி என்ற பிரிவு வந்து, இதற்கென்று சிறப்பு நீதிமன்றம் அமைக்க வழி செய்தது. எங்கள் மாவட்டத்தில் முதன்மை மாவட்ட நீதிமன்றமே அந்தச் சிறப்பு நீதிமன்றம். மனு அங்கே போயிருக்க வேண்டும்.

சரி, ஜூன் முதல் வாரம். கனிம வழக்குகளை மட்டும் நிறைய நடத்தியிருந்த இன்னொரு வக்கீலிடம் போனேன். அவர் பேப்பர்களைப் புரட்டிவிட்டுக் கேட்ட முதல் கேள்வி, "ஆத்து மணலா, மண்ணா?" என்பதுதான். மண் என்றதும் அவர் முகத்தில் ஒரு தெளிவு வந்தது. காரணத்தையும் சொன்னார். 2018 அக்டோபரில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையின் இரு நீதிபதி அமர்வு, மணல் கடத்தலில் பிடிபட்ட வண்டிகளைச் சும்மா உரிமையாளரிடம் திருப்பிக் கொடுக்கக் கூடாது, பறிமுதல் நடவடிக்கை எடுக்க வேண்டும் என்று சொல்லியிருக்கிறது. அதனால் ஆற்று மணல் வண்டி என்றால் எதிர்ப்பு மிகக் கடுமையாக இருக்கும்.

இந்த இடத்தில் என் மனதில் உள்ளதையும் சொல்லிவிடுகிறேன். அந்தக் கடுமை தேவைதான். வைகையில் மணல் போன பிறகு எங்கள் கிணற்றில் தண்ணீர் எங்கே போனது என்று எனக்குத் தெரியும். என் அப்பா காலத்தில் கயிறு போட்டு இறைத்த கிணறு அது. ராத்திரி ராத்திரியாக ஆற்றை அள்ளியவர்களின் வண்டியும், அனுமதிச் சீட்டில் இடம் மாறிப்போன வண்டியும் ஒரே வேப்பமரத்தடியில் பக்கத்துப் பக்கத்தில் நின்றபோது, என் வண்டி வேறு என்று காட்ட வேண்டிய பொறுப்பு என்னுடையதுதான் என்று எடுத்துக்கொண்டேன். கோபப்பட்டுப் பயனில்லை.

புதிய வக்கீல் மனுவை பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 497, 503 பிரிவுகளில் தயாரித்தார். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 451, 457 என்று எல்லோரும் சொல்வார்களே, அவைதான். வழக்கு முடியும் வரை இடைக்காலமாக வண்டியை என் பொறுப்பில் ஒப்படையுங்கள் என்பதே கோரிக்கை. "வண்டிய திருப்பிக் குடுங்க"ன்னு கேட்டால் கிடைக்காது, "நான் பத்திரமா வச்சிருந்து கூப்பிடும்போது கொண்டுவர்றேன்"ன்னு கேட்கணும் என்றார். அதற்குத் துணையாக அவர் வைத்தது 2002-ல் உச்ச நீதிமன்றம் சொன்ன சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் தீர்ப்பு. கைப்பற்றிய வண்டிகளை ஸ்டேஷனில் நீண்ட காலம் நிறுத்தி வைப்பதால் யாருக்கும் பயனில்லை, தக்க பிணையும் உறுதிமொழியும் வாங்கிக்கொண்டு சீக்கிரம் முடிவெடுக்க வேண்டும் என்று சொன்ன தீர்ப்பு அது. இருபது வருடம் தாண்டியும் வக்கீல்கள் அதைத்தான் முதலில் எடுத்து வைக்கிறார்கள்.

மனுவோடு என்னென்ன சேர்த்தோம் என்பது முக்கியம். ஆர்.சி. புத்தகம், டிராக்டருக்கும் டிரெய்லருக்கும் தனித்தனியாக. பலர் டிரெய்லரின் ஆர்.சி.யை மறந்துவிடுகிறார்கள், அது தனி வண்டி எண். நடப்பில் இருக்கும் இன்சூரன்ஸ். வண்டி கடனில் இருந்ததால், ஆட்சேபணை இல்லை என்று கடன் கொடுத்த இடத்துக் கடிதம். ஆறு மாதத் தவணை ஒன்று கட்ட வேண்டியிருந்ததால் அந்தக் கடிதத்துக்கே பத்து நாள் ஆனது. தாசில்தார் கொடுத்த அனுமதியின் நகல். இதுவரை இந்த வண்டி மீது வேறு வழக்கு இல்லை என்ற என் பிரமாணப் பத்திரம். கடைசியாக, நடந்ததை அப்படியே ஒப்புக்கொண்ட ஒரு பத்தி: அனுமதி இருந்தது, ஒரு லோடு வேறு இடத்துக்குப் போனது, அது தவறு. பொய் சொல்லி மறைப்போம் என்று எனக்குள் ஒரு ஆசை இருந்தது. "வயலுக்குப் போற வழியில பிடிச்சுட்டாங்கன்னு போடலாமா சார்?" என்று கேட்டேன். வக்கீல் ரோட்டு மேப்பை எடுத்து மேசையில் விரித்தார். வயல் வடக்கே, வண்டி நின்றது தெற்கே. அதோடு அந்தப் பேச்சு முடிந்தது.

அரசு வக்கீல் எதிர்த்தார். விவசாயத்துக்கென்று பதிவு செய்த டிராக்டரை வாடகைக்கு ஓட்டியிருக்கிறார்கள், திருப்பிக் கொடுத்தால் மறுபடியும் செய்வார்கள் என்றார். முதல் குற்றச்சாட்டில் நியாயம் இருந்தது. போலீஸ் அறிக்கைக்காக இரண்டு வாய்தா போனது. அந்த அறிக்கையில் வேறு பழைய வழக்கு இல்லை என்று வந்ததுதான் எங்களுக்குத் திருப்பமாக அமைந்தது. வண்டி மீது முன்னமே வழக்கு இருந்தால் நிலைமை கஷ்டம் என்று வக்கீல் தொடக்கத்திலேயே எச்சரித்திருந்தார். சொந்த வண்டியை மற்றவர்களுக்கு ஓட்டக் கொடுப்பவர்கள் இதை யோசிக்க வேண்டும். நீங்கள் தூங்கும்போது பதிவான வழக்கும் உங்கள் வண்டியின் கணக்கில்தான் ஏறும்.

ஜூலை நடுவில் உத்தரவு வந்தது. நிபந்தனைகள் இவை: திருப்பித் தரப்படாத தொகையாக இருபத்தைந்தாயிரம் கட்ட வேண்டும். அசல் ஆர்.சி.யைக் கோர்ட்டில் ஒப்படைக்க வேண்டும். இரண்டு லட்சத்துக்கு என் சொந்தப் பிணை, அதே தொகைக்கு இரண்டு ஜாமீன்தாரர்கள், ஒருவர் ரத்த உறவாக இருக்க வேண்டும். வண்டியை விற்கவோ அடையாளத்தை மாற்றவோ கூடாது. இனி இதுபோன்ற காரியத்துக்குப் பயன்படுத்த மாட்டேன் என்று உறுதிமொழி. கோர்ட் கேட்கும்போது கொண்டுவந்து நிறுத்த வேண்டும். ஒப்படைக்கும் முன் எல்லாப் பக்கமும் புகைப்படம்.

உத்தரவு கைக்கு வந்தால் மறுநாளே வண்டி வந்துவிடும் என்று நினைத்தேன். அதற்குப் பிறகும் பதினொரு நாள் ஆனது. ஜாமீன்தாரர்களுக்கு பட்டா, வீட்டு வரி ரசீது, ஆதார், கிராம நிர்வாக அலுவலரின் சொத்து மதிப்புச் சான்று எல்லாம் வேண்டும். என் மச்சான் ஒருவர் மனமுவந்து வந்தார். வீட்டு வரி அவருடைய அப்பா பெயரில் இருந்ததால் ஏற்கவில்லை. அப்புறம் என் தம்பி வெளியூரிலிருந்து லீவு போட்டு வந்தான். மனுப் போடும்போதே இந்தக் காகிதங்களைத் திரட்டி வைத்திருந்தால் அந்தப் பதினொரு நாள் மூன்று நாளாகியிருக்கும். வக்கீலின் குமாஸ்தாவிடம் என்னென்ன வேண்டும் என்று முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். இந்த விஷயத்தில் வக்கீலை விட அவருக்குத்தான் நுணுக்கம் தெரியும்.

ஜூலை 26 சாயங்காலம் வண்டியைப் பார்த்தேன். டிரெய்லரில் இன்னும் அந்த மே மாதத்து மண்ணில் கொஞ்சம் ஒட்டிக்கொண்டிருந்தது. நடுவே பெய்த மழையில் அதில் பார்த்தீனியச் செடி முழங்கால் உயரம் வளர்ந்து நின்றது. பேட்டரி இல்லை. ஒயரிங்கை எலி கடித்திருந்தது. பின் டயர் ஒன்றில் காற்றே இல்லை. ஜாக்கியும் காணவில்லை. கேட்டேன். மகஜரில் எழுதியிருக்கா என்று திருப்பிக் கேட்டார்கள். மகஜரில் டிராக்டர் ஒன்று, டிரெய்லர் ஒன்று, மண் ஒரு யூனிட் என்று மட்டுமே இருந்தது. பேட்டரியோ ஜாக்கியோ அதில் வரவில்லை. வண்டி பிடிபட்ட முதல் இரண்டு நாளிலேயே உங்கள் சார்பாக யாராவது போய் நாலு பக்கமும் போட்டோ எடுத்து வைத்திருந்தால், மனுவோடு சேர்த்துக் கோர்ட்டில் கொடுத்துவிடலாம். என்னிடம் அது இல்லாததால் பேட்டரி, ஒயரிங், டியூப் என்று பதினெட்டாயிரம் நானே போட்டேன்.

ஒன்றை மறந்துவிடக் கூடாது. வண்டி வந்துவிட்டது என்பதால் வழக்கு முடியவில்லை. இது இடைக்கால ஒப்படைப்பு மட்டுமே. தீர்ப்பு எதிராக வந்தால் பறிமுதல் உத்தரவும் வரலாம். கனிமச் சட்டக் குற்றத்தைக் கோர்ட் எடுத்துக்கொள்ள அதிகாரம் பெற்ற அலுவலரின் எழுத்துப்பூர்வமான புகார் வேண்டும் என்று 22-வது பிரிவு சொல்கிறது, போலீசின் குற்றப்பத்திரிகை மட்டும் போதாது. எங்கள் வழக்கில் அந்தப் புகார் வந்திருக்கிறதா என்று வக்கீல் ஒவ்வொரு வாய்தாவிலும் பார்க்கிறார். திருட்டுப் பிரிவுக்கு அந்தத் தடை கிடையாது என்பதால் அது தன் போக்கில் நடக்கிறது.

இப்போது என் வண்டியில் ஒரு நோட்டு இருக்கிறது. எந்த லோடு, எங்கிருந்து, எங்கே, என்ன அனுமதி, எத்தனை மணி என்று ஒவ்வொரு நடைக்கும் எழுதிய பிறகுதான் சாவி திரும்பும். வாடகைக்கு ஓட்டுவதை நிறுத்திவிட்டேன். ஆவணி மழைக்கு முன்னால் அக்கா வயலில் உழவு முடிந்தது. மீதி வண்டலைப் புது அனுமதி வாங்கி, பகலில் மட்டும் அடித்தோம்.

டிரைவர் தம்பிக்கு வயது இருபத்து நாலு. சிங்கப்பூருக்கு வேலைக்குப் போக பாஸ்போர்ட்டுக்கு எழுதிப்போட்டிருந்தான். வழக்கு நிலுவையில் இருப்பதால் போலீஸ் விசாரணையில் நின்றுவிட்டது. கோர்ட்டில் அனுமதி வாங்கினால் பாஸ்போர்ட் எடுக்கலாம் என்று வக்கீல் சொல்கிறார். அந்த மனுவுக்கான செலவை நான் ஏற்றுக்கொண்டிருக்கிறேன். வருகிற வாய்தாவில் தாக்கல் செய்கிறோம்.